ஐந்து கிலோ கொய்யாவின் பற்று வரவு

கூடையின் எடையைக் கழித்த பிறகு தராசு காட்டியது 5.000 கிலோ. பழனியை அடுத்த ஆயக்குடியில் கிலோ 40 ரூபாய் வீதம் 200 ரூபாய் கொடுத்து வாங்கிய கொய்யா. முக்கால் பங்கு நன்றாகக் கனிந்தது, கால் பங்கு செங்காய். கனிந்தது மணத்துக்கு, செங்காய் பெக்டினுக்கு. பழம் பழுக்கப் பழுக்க அதிலுள்ள பெக்டின் சிதைந்துகொண்டே போகும். ஜாமைக் கெட்டிப்படுத்துவதே அதுதான் என்பதால் செங்காய் இல்லாமல் கொய்யா ஜாமுக்கு நான் அடுப்பு மூட்டுவதில்லை.

எல்லாவற்றையும் எடை போட்டு எழுதும் பழக்கம் போன வருடத்து நஷ்டத்தில் தொடங்கியது. அப்போதும் இதே 5 கிலோ பழம், இதே 3 கிலோ சர்க்கரை. கொதிக்கும்போது கெட்டியாகத் தெரிந்ததால் இறக்கிவிட்டேன். 11 பாட்டில் நிறைந்து மேலே கொஞ்சம் மிஞ்சியது, மொத்தம் 5.6 கிலோ. அதிகம் கிடைத்ததே என்று மகிழ்ந்தேன். மூன்றாவது வாரம் இரண்டு பாட்டிலில் வெள்ளைப் பூஞ்சை பூத்திருந்தது. மேலாக வழித்துவிட்டுச் சாப்பிடலாம் என்று பலர் சொல்வார்கள். அது தவறு. கண்ணுக்குத் தெரியும் பூஞ்சைக்குக் கீழே அதன் இழையும் நஞ்சும் எவ்வளவு ஆழம் இறங்கியிருக்கும் என்று சொல்ல முடியாது. இரண்டையும் கொட்டினேன். 600 கிராம் கூடுதலாகக் கிடைத்ததில் 1 கிலோ போயிற்று. அந்த 600 கிராம் ஜாமே அல்ல, வற்றாத தண்ணீர் என்பது பிறகு கணக்குப் போட்டபோதுதான் புரிந்தது.

இந்த வருடக் கணக்கு இது.

காம்பு, பூமுனை, அடிபட்ட இடம் என்று வெட்டி எறிந்தது 350 கிராம். மிச்சம் 4.650 கிலோ. அதில் 1 லிட்டர் தண்ணீர் ஊற்றி 25 நிமிடம் வேகவைத்தேன். ஆவியாகப் போனது 550 கிராம். சல்லடையில் தேய்த்து எடுத்த பிறகு விதையும் தோலுமாக நின்ற சக்கை 900 கிராம். கைக்கு வந்த கூழ் 4.200 கிலோ. மிக்சியில் அடித்தால் இந்தச் சல்லடை வேலை மிச்சமாகுமே என்று தோன்றும். கொய்யா விதை மிக்சியில் உடைந்தால் ஜாம் முழுக்க மணல் கடித்த மாதிரி நறநறக்கும், பிறகு அதை எடுக்க வழியே இல்லை.

சல்லடையில் தேய்த்தது அம்மா. தண்ணீர்க் கணக்கை எழுதும்போது எட்டிப் பார்த்துச் சொன்னார்: “தண்ணியையும் நீயே ஊத்துற, அதை வத்த வைக்கக் கேஸையும் நீயே எரிக்கிற. அரை டம்ளர் ஊத்திக் குக்கர்ல வைச்சா வேகாதா?” கணக்குப் போட்டுப் பார்த்தேன். கொதிநிலையில் உள்ள 1 கிலோ தண்ணீரை ஆவியாக்க 2,257 கிலோஜூல் வெப்பம் வேண்டும். சமையல் எரிவாயு கிலோவுக்கு ஏறத்தாழ 46,000 கிலோஜூல் தரும். அடுப்பு அதில் குறைந்தது 68 விழுக்காட்டையாவது பாத்திரத்தில் சேர்க்க வேண்டும் என்பது இந்தியத் தர நிர்ணயம். ஆக, ஒரு கிலோ எரிவாயுவில் நமக்குக் கிடைப்பது 31,280 கிலோஜூல். நான் ஊற்றிய 1 லிட்டரைத் திரும்ப வெளியேற்ற மட்டும் 72 கிராம் எரிவாயு செலவு. பணமாகப் பார்த்தால் 4 ரூபாய் 40 காசுதான். ஆனால் அந்தத் தண்ணீர் வற்றும் நேரம் முழுக்க அடுப்பின் முன்னால் நின்று கிளறியது நான். அடுத்த முறை குக்கர்தான்.

கூழின் மேல் துளியைக் கைப்பிரிக்ஸ்மானியில் வைத்தபோது 9.5 காட்டியது. அதாவது 100 கிராம் கூழில் 9.5 கிராம் கரைந்த பொருள், பெரும்பாலும் பழச்சர்க்கரை. 4.200 கிலோவுக்கு 400 கிராம். இதோடு நான் சேர்த்த சர்க்கரை 3.000 கிலோ. மொத்தம் 3.400 கிலோ. அடுப்பில் எவ்வளவு நேரம் கிளறினாலும் இந்த 3.400 கூடாது, குறையாது. குறைவது தண்ணீர் ஒன்றுதான். ஆகவே கடைசியில் என்ன எடையில் நிறுத்தினேன் என்பதே ஜாம் கெடுமா நிற்குமா என்பதைத் தீர்மானிக்கிறது. 5.600 கிலோவில் நிறுத்தினால் கரைந்த பொருள் 60.7 விழுக்காடு. 5.000 கிலோவில் நிறுத்தினால் 68. போன வருடத்துப் பூஞ்சை இந்த 7.3 விழுக்காட்டு இடைவெளியில்தான் முளைத்தது.

1955ஆம் ஆண்டின் பழப்பொருள் ஆணை ஜாமில் 68 விழுக்காடு கரைந்த பொருள் இருக்க வேண்டும் என்றது. பின்னால் 2011இல் வந்த உணவுப் பாதுகாப்பு விதிமுறை அதை 65 ஆக்கியது. தொழிற்சாலையில் வெற்றிடக் கலனும் கிருமியற்ற அடைப்பும் உண்டு, 65 போதும். வீட்டு அடுப்புக்கு நான் பழைய எண்ணையே வைத்துக்கொள்கிறேன்.

சர்க்கரை பழத்தைக் காப்பது இனிப்பால் அல்ல. தண்ணீரைத் தன்னோடு கட்டிப்போட்டுவிடுவதால். நுண்ணுயிர்க்குக் குடிக்கத் தண்ணீர் கிடைக்காது. பழனி மலைக்கோயில் பஞ்சாமிர்தம் வெளியே வைத்தாலும் பல நாள் கெடாமல் இருப்பதும் இதனால்தான். வாழைப்பழம், வெல்லம், கற்கண்டு, பேரீச்சை, தேன், நெய், ஏலம். ஒரு சொட்டுத் தண்ணீர் சேர்ப்பதில்லை. 2019இல் புவிசார் குறியீடு பெற்ற அந்தப் பஞ்சாமிர்தத்தை, அடுப்பே பற்றவைக்காத ஜாம் என்று சொன்னால் பிழையாகாது. நாம் கொதிக்கவைத்து வெளியேற்றும் தண்ணீரை அங்கே சேர்க்காமலே தவிர்த்துவிடுகிறார்கள்.

சர்க்கரையைப் பாதியாகக் குறைக்கலாமா என்ற கேள்வி எல்லா வீட்டிலும் வருகிறது. என் தம்பிக்கு நீரிழிவு, அதனால் எங்கள் வீட்டிலும் வந்தது. 1.500 கிலோ மட்டும் போட்டால் கரைந்த பொருள் 1.900 கிலோ. அதே 68 விழுக்காட்டுக்குக் கொண்டுவர 2.790 கிலோ வரை வற்ற வேண்டும். 2.910 கிலோ தண்ணீர் போக வேண்டும், கிடைப்பது ஐந்தரைப் பாட்டில். அதுவும் கரண்டி நிற்கும் அளவுக்கு இறுகி, வில்லை போடும் கொய்யாக்கட்டியாகத்தான் வரும். சாப்பிட அருமையாக இருக்கும், ரொட்டியில் தடவ முடியாது. வற்றவிடாமல் 5 கிலோவிலேயே நிறுத்தினால் 38 விழுக்காடு. அது குளிர்பெட்டியில் வைத்துச் சில வாரங்களில் தீர்க்க வேண்டிய பழக்கூழ். ஜாம் என்று பெயர் எழுதி அலமாரியில் வைக்கக் கூடாது. நீரிழிவுக்காரருக்கு அந்தப் பாதிச் சர்க்கரையும் சர்க்கரைதான் என்பதால் தம்பிக்குப் பழமாகவே ஒதுக்கிவிட்டேன். எங்களுக்கும் கணக்கு உண்டு. 20 கிராம் ஜாம் தடவினால் அதில் நான் போட்ட சர்க்கரை மட்டும் 12 கிராம். 2,000 கலோரி உண்ணும் ஒருவர் சேர்க்கும் சர்க்கரை ஒரு நாளைக்கு 50 கிராமைத் தாண்டக் கூடாது என்கிறது உலக சுகாதார நிறுவனம், 25க்குள் இருந்தால் இன்னும் நல்லது என்றும் சொல்கிறது. ஒரு கரண்டி ஜாமிலேயே அந்த 25இல் பாதி தீர்ந்துவிடுகிறது.

இனிப் புளிப்பு. பெக்டின் சர்க்கரையோடு சேர்ந்து வலைபோல் பின்னிக்கொள்ள அமிலம் வேண்டும். பிஎச் 2.8க்கும் 3.4க்கும் நடுவில் இருந்தால்தான் வலை பிடிக்கும். 15 கிராம் சிட்ரிக் அமிலம் போட்டேன். 100 கிராம் பொட்டலம் 35 ரூபாய், ஆகவே 5 ரூபாய். அதே 15 கிராமை எலுமிச்சையிலிருந்து எடுப்பதானால், சாற்றில் 6 விழுக்காடு என்று கொண்டு 250 மில்லி சாறு, அதாவது 12, 13 பழம். பழம் 5 ரூபாய் என்றாலும் 60 ரூபாய்க்கு மேல். அதோடு கால் லிட்டர் தண்ணீரும் சட்டிக்குள் வந்து சேரும். எலுமிச்சைதான் இயற்கை என்பவர்களோடு எனக்குச் சண்டையில்லை, எனக்கு அது கட்டுப்படியாகவில்லை.

அமிலத்துக்கு இதைவிடப் பெரிய வேலை ஒன்று இருக்கிறது. காற்றில்லாத பாட்டிலுக்குள் வளர்ந்து கொல்லும் நஞ்சைச் சுரக்கும் பாட்டுலினம் கிருமி, பிஎச் 4.6க்குக் கீழே வளராது. கொய்யா தானாகவே அந்தக் கோட்டுக்குக் கீழ் நிற்கும் பழம். பப்பாளி அப்படியல்ல, அதன் பிஎச் 5க்கு மேல். வாழையும் கோட்டை ஒட்டியும் தாண்டியும் நிற்கிறது. அந்தப் பழங்களில் ஜாம் போடுகிறவர்கள் சிட்ரிக் அமிலத்தைச் சுவைக்காகச் சேர்ப்பதாக நினைத்துக் குறைக்கக் கூடாது. அன்னாசி மாதிரி பெக்டின் குறைந்த பழமென்றால் பெக்டின் தூளும் வாங்க வேண்டியிருக்கும். 150 தரம் என்று பொட்டலத்தில் போட்டிருந்தால் 1 கிராம் தூள் 150 கிராம் சர்க்கரையை உறைய வைக்கும் என்று பொருள். 3 கிலோ சர்க்கரைக்கு 20 கிராம். கொய்யாவுக்கு இந்தச் செலவு பூஜ்யம்.

காய்ச்சுவதற்குக் கூழையும் சர்க்கரையையும் இரண்டாகப் பிரித்தேன். சட்டிக்கு 3.600 கிலோ. முழுவதையும் ஒரே பாத்திரத்தில் போட்டால் வற்ற ஒன்றரை மணி நேரம் போல ஆகும். அத்தனை நேரம் கொதித்தால் பெக்டின் உடையும், நிறம் கறுக்கும், வாசம் போகும். அகன்ற உருளியில் பாதிப் பாதியாக, பெரிய பர்னரில், ஒவ்வொன்றும் 35 நிமிடம். இறக்கும் நேரத்தை நான் கண்ணால் பார்ப்பதில்லை. உருளி 1.800 கிலோ. ஒரு பங்கு ஜாம் 2.500 கிலோவில் நிற்க வேண்டும். உருளியோடு தூக்கித் தராசில் வைக்கும்போது 4.300 காட்டினால் பதம். முதல் தடவை 4.520. திரும்ப அடுப்பில் ஏற்றினேன். இரண்டாம் தடவை 4.300. அம்மா தன் வழியில் ஒரு சொட்டைக் குளிர்ந்த தட்டில் விட்டுச் சாய்த்துப் பார்த்தார், சொட்டு ஓடாமல் சுருங்கி நின்றது. இருவர் பதமும் ஒன்றுதான்.

வெப்பமானி வைத்திருப்பவர்களுக்கு ஒரு எச்சரிக்கை. புத்தகங்களில் 105 டிகிரி என்று போட்டிருக்கும். அது கடல்மட்டத்துக் கணக்கு. சரியான விதி, தண்ணீர் கொதிக்கும் வெப்பத்துக்கு மேல் 4.5 முதல் 5 டிகிரி. உயரம் 300 மீட்டர் கூடினால் கொதிநிலை ஏறத்தாழ 1 டிகிரி இறங்கும். பழனி 300 மீட்டருக்குச் சற்று மேல், இங்கே 104இல் பதம் வந்துவிடும். எங்கள் வீட்டு மாடியில் நின்றால் தெரியும் மலைக்கு அந்தப் பக்கம் கொடைக்கானல், 2,100 மீட்டர். அங்கே தண்ணீர் 93 டிகிரியில் கொதிக்கும், ஜாம் 98இல் முடிந்துவிடும். கொடைக்கானலில் நின்றுகொண்டு 105க்குக் காத்திருந்தால் உருளியில் மிட்டாய்தான் இருக்கும். தராசுக்கு இந்தத் தொல்லை இல்லை. கீழே 2.500 கிலோ என்றால் மலைமேலும் 2.500 கிலோதான்.

அடைத்தல். 400 மில்லி கண்ணாடி பாட்டிலில் 500 கிராம் ஜாம் பிடிக்கும். ஜாம் தண்ணீரைப் போல ஒன்றேகால் மடங்குக்கும் மேல் கனம் என்பதால் 500 கிராம் ஜாமுக்கு 380 மில்லி இடம் போதும். மேலே அரை விரல்கடை வெற்றிடம், 6 மில்லிமீட்டர். பாட்டில்களை முன்பே 10 நிமிடம் கொதிநீரில் போட்டு எடுத்திருந்தேன். சூடு ஆறுமுன் நிரப்பி, விளிம்பைத் துடைத்து, மூடி இறுக்கி, மறுபடி கொதிநீரில் மூழ்க வைத்தேன். அமெரிக்க வேளாண் துறையின் அட்டவணைப்படி கிருமி நீக்கிய பாட்டிலுக்கு 1,000 அடி உயரம் வரை 5 நிமிடம், அதற்கு மேல் 6,000 அடி வரை 10, அதற்கும் மேல் 15. பழனி ஆயிரம் அடியை மயிரிழையில் தாண்டுவதால் எனக்கு 10. ஆறும்போது உள்ளே காற்று சுருங்கி மூடியின் நடுப்பகுதி டக்கென்று குழியும். அந்தச் சத்தத்தை எண்ணினேன். ஒன்பது.

ஏன் ஒன்பது? 5 கிலோவுக்குப் பத்து வர வேண்டுமே. உருளியிலும் கரண்டியிலும் அம்மா தட்டிலும் ஒட்டிப்போனது 150 கிராம். பத்தாவது பாட்டிலை நிறைக்க 500 கிராம் இல்லை, 350 தான். அரைகுறையாக நிரப்பிய பாட்டிலில் காற்று அதிகம் நிற்கும், அடைத்து வைக்க ஏற்றதல்ல. அதைக் கிண்ணத்தில் வைத்து அந்த வாரமே தின்று தீர்த்தோம்.

உணவுப் பாதுகாப்பு விதிமுறையின் இன்னொரு எண்ணும் இங்கே பார்க்க வேண்டியது. ஜாமில் குறைந்தது 45 விழுக்காடு பழம் இருக்க வேண்டும் என்கிறது விதி, ஸ்ட்ராபெர்ரிக்கும் ராஸ்பெர்ரிக்கும் 25 போதும். 500 கிராம் பாட்டிலுக்கு 225 கிராம் பழம். நான் வெட்டிய 4.650 கிலோவில் சக்கை 900 கிராம் போக உள்ளே சென்ற பழம் 3.750 கிலோ. ஐந்து கிலோ ஜாமுக்கு 75 விழுக்காடு. என் பாட்டில் ஒவ்வொன்றிலும் 375 கிராம் பழம். மூடியைத் திறந்ததும் வீடு முழுக்கக் கொய்யா மணப்பது இந்த 150 கிராம் வித்தியாசத்தால்.

பணம்:

கொய்யா 5 கிலோ: 200 ரூபாய்
சர்க்கரை 3 கிலோ, 46 ரூபாய் வீதம்: 138 ரூபாய்
சிட்ரிக் அமிலம் 15 கிராம்: 5 ரூபாய்
எரிவாயு 490 கிராம்: 30 ரூபாய்
பாட்டிலும் மூடியும் 9, 28 ரூபாய் வீதம்: 252 ரூபாய்
ஆக 625 ரூபாய்

எரிவாயுவை மதிப்பிட்டு எழுதவில்லை. தொடங்கும் முன்னும் முடித்த பின்னும் சிலிண்டரை மேடைத் தராசில் ஏற்றினேன். 14.2 கிலோ 870 ரூபாய் என்றால் கிலோ 61 ரூபாய் சொச்சம். காய்ச்சும்போது போன 2.2 கிலோ தண்ணீரை ஆவியாக்க ஏட்டுக் கணக்குப்படி 159 கிராம் போதும். மீதி, பழம் வெந்ததற்கும் பாட்டில் கொதித்ததற்கும் உருளியைச் சுற்றிக் காற்றில் போன சூட்டுக்கும்.

என்னை நிமிர வைத்த வரி பாட்டில் வரி. பழத்துக்கு 200, அதை வைக்கும் கண்ணாடிக்கு 252. மொத்தச் செலவில் 40 விழுக்காடு. உணவை அடைத்துக் காக்கும் வழியைக் கண்டதற்காக நிக்கோலா அப்பேர் 1810இல் பிரெஞ்சு அரசிடம் 12,000 பிராங்க் பெற்றபோது அவர் கையில் இருந்ததும் கண்ணாடி பாட்டில்தான். உணவு ஏன் கெடாமல் இருக்கிறது என்று பாஸ்டர் விளக்க இன்னும் அரை நூற்றாண்டு இருந்தது. இருநூறு ஆண்டு கழித்தும் வீட்டு ஜாமின் விலையைத் தீர்மானிப்பது கண்ணாடிதான். அதனால் பாட்டிலைத் தூக்கிப் போடாமல் வைத்திருப்பவருக்குக் கணக்கே மாறும். இரண்டாம் முறை மூடி மட்டும் புதிது, 7 ரூபாய் வீதம் 63. மூடியில் சிக்கனம் பார்க்கக் கூடாது. உள்ளே உள்ள ரப்பர் வளையம் ஒரு முறை அழுந்திய தடத்தில் மறுமுறை சரியாகப் பிடிக்காது. போன வருடம் பூஞ்சை வந்த இரண்டு பாட்டிலுக்கும் பழைய மூடி என்பதை இப்போது நினைத்துப் பார்க்கிறேன். நீர் மிச்சம் ஒரு காரணம், மூடி இன்னொன்று.

உண்ணக் கிடைத்த 4.850 கிலோவால் வகுத்தால் முதல் முறை அரைக் கிலோ 64 ரூபாய். பாட்டில் கையில் இருந்தால் 436 ரூபாய் செலவு, அரைக் கிலோ 45 ரூபாய். வீட்டிலே செய்தால் எவ்வளவு மலிவு பாருங்கள் என்று இந்த இடத்தில் நிறுத்திவிடுகிறவர்கள் அதிகம். எனக்கு அது பொய்க் கணக்காகப் படுகிறது.

கழுவி வெட்ட 45 நிமிடம், வேகவைக்க 25, சலிக்க 50, காய்ச்ச 70, அடைத்துக் கழுவ 50. மொத்தம் 240 நிமிடம், நான்கு மணி நேரம். ஊரக வேலை உறுதித் திட்டத்தில் 2025-26இல் தமிழ்நாட்டுக்கு நிர்ணயித்த நாள்கூலி 336 ரூபாய். எட்டு மணி நேரத்தால் வகுத்தால் மணிக்கு 42. நான்கு மணி நேரத்துக்கு 168 ரூபாய். இதைச் சேர்த்தால் முதல் முறை 793 ரூபாய், அரைக் கிலோ 82. இரண்டாம் முறை 604, அரைக் கிலோ 62. இவ்வளவு குறைந்த கூலியைப் போட்டே இப்படி. பாட்டில் இருக்கும் வீட்டில் ஜாமின் விலையில் நான்கில் ஒரு பங்குக்கு மேல் அம்மாவின் கையும் என் கையும். அம்மா நாற்பது வருடம் போட்ட ஊறுகாயும் வடகமும் மலிவு என்று நாங்கள் சொல்லிவந்தது அந்த வரியை எழுதாமல் விட்டதால்.

நோட்டில் அந்த வரியைச் சேர்த்து அம்மாவிடம் காட்டினேன். கண்ணாடியை ஏற்றிக்கொண்டு படித்தார். “சலிச்சது அம்பது நிமிசமா? ஒரு மணி நேரம் ஆச்சு. கைய கழுவுனதை விட்டுட்டே” என்றார்.

திருத்திவிட்டேன். 250 நிமிடம், 175 ரூபாய். அலமாரியில் ஒன்பது பாட்டில், ஒட்டிய சீட்டில் தேதியும் 68 என்ற எண்ணும். வாங்க வேண்டியது: மூடி 9.